முனியப்பன் லைனுக்கு இந்தப் பக்கம் வந்த வருடம்

அறுபதைத் தாண்டிய என் சிநேகிதக் கூட்டமே, இது உங்களுக்குத்தான். சின்னதுகளிடம் சொன்னால், "அந்த ரயில் லைன்ல ஏன் கேட் போடல?" என்று ஒரே கேள்வியில் என் வாயை அடைத்துவிடுகிறார்கள். போடவில்லை, அவ்வளவுதான். நம் காலத்தில் ரோடு நேரே போய்த் தண்டவாளத்தில் ஏறி இறங்கும். இரண்டு பக்கமும் ஒரு கம்பம், அதில் ஒரு பலகை. உங்களில் பாதிப் பேர் அப்படி ஒரு லைனைத் தாண்டித்தான் பள்ளிக்கூடம் போயிருப்பீர்கள். அதனால் உங்களிடம் பேசுவது எனக்குச் சுலபம்.

நான் ஐந்தாம் வகுப்புப் படித்த வருடத்தைச் சொல்கிறேன். ஆடியில் ஆரம்பித்து, மரவள்ளிக் கிழங்கு பிடுங்குகிற நாளில் முடிந்துபோன பருவம் அது. அதற்குப் பிறகு என் அம்மா என் அப்பாவிடம் பேசவில்லை. ஒரு மாதம் இரண்டு மாதம் இல்லை, நாற்பது வருடம். அவர் சாகிறவரை ஒரு வார்த்தை பேசவில்லை. ஏன் என்று எனக்குத் தெரியும் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

எங்கள் ஊர் சின்னசேலத்துக்குப் பக்கம். லைனுக்குத் தெற்கே ஊர், வடக்கே கள்ளக்குறிச்சிக்குப் போகிற ரோடு. அப்போது அது சின்ன லைன், மீட்டர்கேஜ். மேற்கே இருந்து வளைந்து வரும். வளைவு முழுக்க வேலிக்காத்தான் முள் ஆள் உயரத்துக்கு நிற்கும். தண்டவாளத்துக்குப் பக்கத்தில் போய் நின்று எட்டிப் பார்த்தால் ஒழிய ரயில் வருவது தெரியாது. பாசஞ்சர் வண்டி நேரம் ஊருக்கே மனப்பாடம். கூட்ஸ் வண்டிக்குத்தான் நேரம் காலம் கிடையாது.

அப்பா தனியார் பஸ் டிரைவர். காலையில் எங்கள் ஊரில் கிளம்பிக் கள்ளக்குறிச்சி போய், அங்கிருந்து மலையடிவாரம் கச்சிராயபாளையம் வரை போய், சாயங்காலம் திரும்பி வரும் பஸ். அதே பஸ்ஸில் கண்டக்டர் என் மாமா, அம்மாவின் ஒரே தம்பி. கல்யாணம் ஆகாதவர், சீப்பைப் பின்பாக்கெட்டில் செருகிக்கொண்டு திரிவார். அந்த பஸ்ஸின் வாசனை இன்றைக்கும் என் மூக்கில் இருக்கிறது. கல்வராயன் மலையிலிருந்து இறங்கும் கடுக்காய் மூட்டை, புளி, சாமை, கோழிக்கூடை, எல்லாவற்றுக்கும் மேல் டீசல். ஊர் நெருங்கும்போது ஜவ்வரிசி மில்லின் புளித்த நாற்றம் ஜன்னல் வழியே வரும். மாமாவின் தோல் பை, ரோஸ், பச்சை, மஞ்சள் என்று அடுக்கிய டிக்கெட் கட்டு, கயிற்றில் தொங்கும் விசில். எல்லாம் எங்கே போயிற்றோ தெரியவில்லை.

கேட் இல்லாத லைனுக்கு ஒரு சட்டம் உண்டு. அன்றும் உண்டு, இன்றும் உண்டு. டிரைவர் வண்டியை நிறுத்த வேண்டும். கண்டக்டரோ கிளீனரோ இறங்கி லைன் வரைக்கும் நடந்து போய், இரண்டு பக்கமும் ரயில் வரவில்லை என்று பார்த்து, பிறகு வண்டியைக் கூட்டிப் போக வேண்டும். கூட ஆள் இல்லையென்றால் டிரைவரே இறங்கிப் பார்க்க வேண்டும். எங்கள் பஸ் இதைத் தினமும் செய்தது. ஆனால் சட்டத்துக்காகச் செய்ததா என்று கேட்டால், அங்கேதான் விஷயமே இருக்கிறது.

ஊரிலிருந்து கிளம்பும்போது லைனுக்கு முன்னால் பஸ் ஸ்டாப். ஆள் ஏறுவதற்கு வண்டி எப்படியும் நின்றாக வேண்டும். திரும்பி வரும்போது லைனுக்கு வடக்கே, தண்டவாளத்தை ஒட்டி, புங்க மரத்தடியில் முனியப்பன். மூன்று கல், ஒரு பெரிய சூலம், காது உடைந்த மண் குதிரை. எந்த வண்டியும் முனியப்பனுக்கு நிற்காமல் போகாது. பஸ் நிற்கும், மாமா குதித்து இறங்குவார், திருநீறு எடுத்துத் தானும் பூசி, ஒரு சிட்டிகையை அப்பாவின் நெற்றிக்குக் கொண்டுபோவார். அப்படியே நாலு எட்டு நடந்து லைனைப் பார்த்துவிட்டு இரண்டு விசில் கொடுப்பார். "முனியப்பனுக்கு நிக்குது" என்றுதான் எல்லாரும் சொல்வார்கள். ரயிலுக்கு நிற்கிறது என்று ஒருத்தர் சொல்லி நான் கேட்டதில்லை.

அந்த ஆடியில் முனியப்பனுக்குப் பொங்கல். ஊர்ப் பெண்கள் எல்லாரும் பானை, விறகு, கைக்குழந்தை என்று லைனைத் தாண்டித்தான் போக வேண்டும். அம்மா அடுப்பு ஊதிக்கொண்டிருந்தாள். என் தம்பிக்கு மூன்று வயது. யாரும் பார்க்காத நேரத்தில் போய்த் தண்டவாளத்தில் உட்கார்ந்து ஜல்லி பொறுக்கிக்கொண்டிருக்கிறான், வளைவில் பாசஞ்சர் வந்துவிட்டது. அம்மா எப்படி ஓடினாள் என்று எனக்குத் தெரியாது. தம்பியின் தலைமுடியைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்து விழுந்தாள். முழங்கால் இரண்டும் கிழிந்து ரத்தம். ரயில் போன பிறகும் அவன் முடியை அவள் விடவில்லை, அவன் அலறுகிறான்.

என் அம்மாவுக்குக் கோபம் வந்தால் ஊர் தாங்காது. அன்று சாயங்காலமே பத்துப் பெண்களைச் சேர்த்துக்கொண்டு ஊர்த்தலைவர் வீட்டு வாசலில் போய் நின்றாள்.

"சாமிய நம்ப பக்கம் கொண்டாந்து வையுங்க. ஒவ்வொரு பொங்கலுக்கும் நாங்க புள்ளைங்கள ரயிலுக்குக் குடுக்க முடியாது."

"சாமிய எடம் மாத்தறதுன்னா இன்னா, கோழிக்கூண்ட மாத்தறதா?" என்றார் தலைவர்.

"அப்பிடின்னா நீங்க வந்து லைன்மேல குந்திகினு எங்க புள்ளைங்களப் பாத்துக்குங்க."

தலைவர் பூசாரியைப் பார்த்தார். பூசாரி, சாமியிடம் பூக் கேட்டுப் பார்க்கலாம் என்றார். உங்களுக்குத் தெரியும், சிவப்புப் பூ ஒரு பொட்டலம், வெள்ளைப் பூ ஒரு பொட்டலம், சாமி முன்னால் போட்டுக் குழந்தையை விட்டு ஒன்றை எடுக்கச் சொல்வார்கள். வெள்ளை வந்தால் சம்மதம். எடுத்த குழந்தை நான்தான். பூசாரிக்குக் கண் மங்கல், அதனால் பொட்டலம் மடித்தது அம்மா. இரண்டிலும் வெள்ளை அரளிதான் வைத்தாள், நான் பார்த்தேன். நான் வாயைத் திறக்கப் போனபோது தொடையில் நறுக்கென்று ஒரு கிள்ளு. ஒரு பொட்டலத்தை எடுத்தேன், வெள்ளை. ஊரே குலவை போட்டது. இன்னொரு பொட்டலத்தை அம்மா இடுப்பில் செருகிக்கொண்டாள். ராத்திரி சாப்பிடும்போது அதைச் சொல்லிச் சொல்லி மாமா விழுந்து விழுந்து சிரித்தார். "எக்கா, முனியப்பனையே ஏமாத்திட்டியே, நீ எமனக்கூட வுடமாட்ட!" அப்பாவும் சிரித்தார். சிரித்துவிட்டு, "நல்லதுதான் பண்ண. புள்ளைங்க இனிமே லைனத் தாண்ட வேணாம்" என்றார்.

மேளம் அடித்து, மாட்டு வண்டியில் ஏற்றி, முனியப்பன் இந்தப் பக்கம் வந்தார். பஸ் ஸ்டாப்புக்கு எதிரிலேயே இடம். லைன் வேலைக்கு வந்த கேங்மேன் பழைய ஸ்லீப்பர் கட்டை இரண்டைக் கொடுத்து, மேடை கட்டிக்கொள்ளுங்கள் என்றார். அவருக்கும் தோன்றவில்லை. தலைவருக்கும் பூசாரிக்கும் தோன்றவில்லை. தினமும் லைனைத் தாண்டுகிற என் அப்பாவுக்கும் தோன்றவில்லை. வடக்கேயிருந்து வருகிற வண்டிக்கு இனி நிற்க என்ன இருக்கிறது என்று ஒரு ஆள் கேட்கவில்லை.

நான் பக்கத்து ஊர்ப் பள்ளிக்கூடத்திலிருந்து அந்த பஸ்ஸில்தான் வருவேன். சாமி மாறிய முதல் வாரம், பழைய இடம் வந்ததும் அப்பாவின் கால் தானாகப் பிரேக்கை மிதித்தது. அங்கே ஒன்றும் இல்லை. மரத்தடியில் மஞ்சள் குங்குமக் கறை, எண்ணெய் ஊறின மண், அவ்வளவுதான்.

முன் சீட்டில் உட்காரும் கிழங்குத் தரகர் கேட்டார். "இன்னா டிரைவரே, சாமிதான் அந்தாண்ட குடி போயிட்டாரே, இங்க யாருக்கு சலாம் வெக்கிற?"

பஸ்ஸே சிரித்தது. பின்னாலிருந்து மாமா, "மாமாவுக்குப் பழக்கம் வுடல!" என்று கத்தினார். நானும் சிரித்தேன். சும்மா இல்லை, என் அப்பாவைக் கேலி செய்கிறார்கள் என்ற வெட்கத்தை மறைக்க எல்லாரையும்விடச் சத்தமாகச் சிரித்தேன். அப்பா கண்ணாடியில் என்னைப் பார்த்துவிட்டு வண்டியை எடுத்தார். அடுத்த வாரம் வேகத்தை மட்டும் குறைத்தார். புரட்டாசி வந்தபோது அதுவும் இல்லை. லைனைத் தாண்டி வந்து, சாமிக்கும் ஸ்டாப்புக்கும் சேர்த்து ஒரே நிற்பாக நிற்கும். நேரம் மிச்சம் என்று எல்லாருக்கும் சந்தோஷம்.

கிழங்கு பிடுங்க ஆரம்பித்திருந்தார்கள். அன்று பள்ளிக்கூடம் லீவு. தம்பிக்கு ஓயாத இருமல். மலைக்காரர்களிடம் தேன் வாங்கி வருகிறேன் என்று மாமா சொல்லியிருந்தார். வெயில் சாயும் நேரம், நானும் அம்மாவும் தம்பியைத் தூக்கிக்கொண்டு ஸ்டாப்பில், முனியப்பனுக்கு எதிரில் நின்றோம். பஸ் வருவது தெரிந்தது. மாமா பின்படியில் நின்று, எங்களைப் பார்த்ததும் தேன் பாட்டிலை உயர்த்திக் காட்டினார். அம்மா சிரித்தாள். பிறகு விசில் சத்தம் கேட்டது. மாமாவின் விசில் என்று நினைத்தேன். அது கூட்ஸ் இன்ஜின்.

முன் சக்கரம் தாண்டிவிட்டது. பின்பக்கம் தாண்டவில்லை.

அதற்கு மேல் என்னால் எழுத முடியாது, நீங்கள் மன்னிக்க வேண்டும். பின் சீட்டில் இருந்த சிலருக்குக் கை கால் முறிந்தது. உயிர் போனது மாமாவுக்கு மட்டும். அப்பாவுக்கு ஒரு கீறல்கூட இல்லை. அதையே அவர் வாழ்நாள் முழுக்க ஒரு குற்றமாகச் சுமந்தார்.

விசாரணைக்கு அதிகாரிகள் வந்து ஊர்த்தலைவர் வீட்டில் நாற்காலி போட்டு உட்கார்ந்தார்கள். நான் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"வண்டிய நிறுத்தினியா?"

"இல்லீங்க."

"கண்டக்டர் எறங்கிப் பாத்தாரா?"

"இல்லீங்க. நான் நிறுத்தினாத்தான அவன் எறங்குவான்."

"பதினோரு வருஷமா இந்த லைன்ல ஓட்ற. ஏன் நிறுத்தல?"

"மறந்துட்டங்க."

அவ்வளவுதான் சொன்னார். எத்தனை முறை கேட்டாலும் அதே வார்த்தை. பதினோரு வருடம் ஓட்டியவன் எப்படி மறப்பான் என்று ஊர் யோசித்தது. ஊர் யோசித்தால் அதற்கு ஒரே பதில்தான் கிடைக்கும். குடித்திருந்தான் என்றார்கள். தினமும் அவர் ஓட்டிய வண்டியில் உட்கார்ந்து போனவர்கள்தான் சொன்னார்கள். நானும் நம்பினேன். ஜாமீனில் வந்து அவர் சுவரோரம் படுத்திருந்தபோது, மெதுவாகப் போய் அவர் வாயருகில் மூக்கை வைத்து மோந்து பார்த்தேன். பீடி நாற்றம்தான் வந்தது. அவர் விழித்துக்கொண்டுதான் இருந்தார். கண்ணைத் திறக்காமல் வாயை நன்றாகத் திறந்து காட்டினார். அதை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் செத்துப்போகலாம் போல இருக்கிறது.

ஜெயிலுக்குப் போய்த் திரும்பிய பிறகு அவர் ஸ்டியரிங்கைத் தொடவில்லை. ஜவ்வரிசி மில் களத்தில் மாவு காயவைக்கும் வேலை. புருவம் எல்லாம் வெள்ளையாக வீட்டுக்கு வருவார். அம்மா வெந்நீர் வைத்துக் கொடுப்பாள், சோறு போடுவாள், சட்டை கிழிந்தால் தைத்துப் போடுவாள். பேசமாட்டாள். "பாப்பா, கொழம்பு போதுமான்னு கேளு" என்பாள் என்னிடம், அவர் எதிரிலேயே. அவர், "போதும்னு சொல்லு" என்பார். சண்டை போட்டிருந்தால்கூடப் பரவாயில்லை. வீட்டில் ஒரு குரல் உயர்ந்ததில்லை, அதுதான் கொடுமை.

சின்ன வயதில் நான் அம்மா கட்சி. தன் கூடப்பிறந்த தம்பியைக் கொன்றவனோடு எப்படிப் பேசுவாள் என்று எனக்கு நியாயமாகப் பட்டது. எனக்கே பிள்ளைகள் பிறந்த பிறகு அப்பா கட்சிக்கு மாறினேன். ஒருமுறை அம்மாவிடம் கேட்டேவிட்டேன். "அந்த மனுஷன் வேணும்னேவா பண்ணாரு? கல்லுகூட கரையும், நீ கரைய மாட்டியா?" அவள் முறத்தை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போய்விட்டாள். கல்நெஞ்சக்காரி என்று என் வீட்டுக்காரரிடம் சொல்லி அழுதேன். அப்பா போய்ப் பன்னிரண்டு வருடம் ஆகிறது. அதுவரை ஏதாவது ஒரு நாள் பேசிவிடுவாள் என்று காத்திருந்தவள் நான்.

போன மாசிவரை நான் இப்படித்தான் நினைத்திருந்தேன். அம்மாவை, எண்பத்திரண்டு வயசு, கண் டாக்டரிடம் காட்டிவிட்டு மினி பஸ்ஸில் ஊருக்குத் திரும்பிக்கொண்டிருந்தோம். இப்போது அது பெரிய லைன். எங்கள் கிராசிங்கை மூடி, கீழே சுரங்கப்பாதை போட்டுவிட்டார்கள். மழை வந்தால் இடுப்பளவு தண்ணீர் நிற்கும், அது வேறு கதை. வண்டி பாதைக்குள் இறங்கி இந்தப் பக்கம் ஏறியது. ஏறினதும் நின்றது. கண்டக்டர் பையன் குதித்து இறங்கி, முனியப்பனிடம் திருநீறு எடுத்து டிரைவர் நெற்றியில் வைத்தான். யாரும் ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை.

லைனைத் தாண்டின பிறகு எதற்கு நிற்கிறான் என்றுதான் முதலில் நினைத்தேன். அடுத்த நொடி, பழைய இடத்தில் அப்பா மிதித்த பிரேக், தரகரின் கேலி, என் சிரிப்பு, எல்லாம் ஒன்றன் பின் ஒன்றாக வந்தன. ஐம்பது வருடமாக என் தலைக்குள்ளேயே இருந்திருக்கிறது, எனக்கு உறைக்கவில்லை.

"எம்மா," என்றேன். "சாமி அந்தாண்டயே இருந்திருந்தா அப்பா நின்னிருப்பாரு இல்ல?"

அம்மா ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே சொன்னாள். "இப்பத்தான் தெரியுதா ஒனக்கு?"

நான் அவள் பக்கம் திரும்பி உட்கார்ந்தேன்.

"எந்தம்பி பொணத்த எடுத்த அன்னிக்கே எனக்குத் தெரியும். ஒங்கப்பாருக்கும் தெரியும். ஜாமீன்ல வந்தன்னிக்கி அடுப்பாண்ட வந்து குந்துனாரு. 'சாமிய மாத்தனதப் பத்தி எவன் கேட்டாலும் நீ வாயத் தொறக்காத. ரெண்டும் வெள்ளப் பூன்னு தெரிஞ்சா ஊரு உன்னக் கிழிச்சிடும். தம்பிய நீயே கொன்னன்னு சொல்லுவானுங்க. நான் மறந்துட்டன்னே சொல்லிக்கிறன். நிக்கணும்னு ரூலு எனக்குத்தான போட்டான், சாமிக்கா போட்டான்?' அப்பிடின்னாரு."

"நீ இன்னா சொன்ன?"

"ஒண்ணும் சொல்லல. இன்னாத்த சொல்றது? வாயத் தொறந்தா அந்தப் பேச்சுதான் வரும். நாளைக்குப் பேசிக்கலாம்னு வுட்டன். மறுநாளும் வாய் வர்ல. அப்பறம் அவரு ஜெயிலுக்குப் பூட்டாரு. திரும்பி வந்து எதுர்ல நின்னப்ப, அந்தாளு மொகத்தப் பாக்கவே கூச்சமா பூட்ச்சி. எனக்காவக் கெட்ட பேரு வாங்கிகினு நிக்கறவர்ட்ட போயி, கொழம்பு போதுமான்னா கேக்க முடியும்?"

"நீ கோவமா இருக்கன்னு நெனச்சிகினேதானம்மா செத்தாரு."

"தெரியும்" என்றாள். முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். பிறகு தானாகவே சொன்னாள்.

"கடசீல ஆஸ்பத்திரில கெடந்தப்ப, நீ டீ வாங்கப் போன பாரு. இன்னிக்குச் சொல்லிட்றதுதான்னு ஸ்டூல இழுத்துப் போட்டுகினு குந்தினன். எல்லாத் தப்பும் என்னுது, உன்னுது ஒண்ணுமில்ல, மன்னிச்சிக்கோன்னு. வாய்க்குள்ளயே பத்து வாட்டி சொல்லிப் பாத்துக்கினன். அவரு கண்ண மூடிகினு இருந்தாரு. ராவெல்லாம் மூச்சு முட்டித் தூங்காத மனுஷன், இப்பத்தான கண்ணசந்தாரு, எதுக்கு எழுப்பறது, முழிச்சதும் சொல்லிக்கலாம்னு பாத்துகினே இருந்தன்."

எனக்கு அந்த மத்தியானம் நன்றாக ஞாபகம் இருக்கிறது. டீயை எடுத்துக்கொண்டு வார்டுக்குள் வந்து, போர்வையைச் சரிசெய்ய அப்பாவின் காலைத் தொட்டேன். ஜில்லென்று இருந்தது. "அப்பா" என்று கத்த வாயெடுத்தேன். அதற்குள் அம்மா உதட்டில் விரலை வைத்து, தூங்குகிறார், சத்தம் போடாதே என்று எனக்குச் சைகை காட்டினாள்.